தண்ணீருக்குள் சிரித்தவர்: எஸ்தர் வில்லியம்ஸும் தொலைக்காட்சி நீர்க்காட்சிகளும் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பழைய அமெரிக்கத் துண்டுக் காட்சிகள் இணையத்தில் சுற்றும்போது ஒரு பெண் அடிக்கடி கண்ணில் படுவார். நீருக்கு அடியிலிருந்து மேலே வருவார், உதட்டுச் சாயம் கலையாது, கொண்டை அவிழாது, சிரிப்பும் மாறாது. "இவர் யார், இதெல்லாம் நிஜமாகவே செய்ததா?" என்று கேட்பவர்களுக்காக இந்தப் பக்கம்.

யார் இந்த எஸ்தர் வில்லியம்ஸ்?

1921 ஆகஸ்ட் 8 அன்று கலிபோர்னியாவின் இங்கிள்வுட் நகரில் பிறந்தவர். முதலில் போட்டி நீச்சல்காரி, பிறகு மேடை நீர்க்காட்சிக் கலைஞர், அப்புறம் எம்ஜிஎம் என்ற ஹாலிவுட் பட நிறுவனத்தின் நட்சத்திரம், கடைசியில் தொலைக்காட்சி. 2013 ஜூன் 6 அன்று, 91 வயதில் காலமானார். நடித்தார், பாடினார், ஆடினார் என்றாலும் மக்கள் அவரைப் பார்க்க வந்தது நீந்துவதற்காகத்தான். நகைச்சுவை நடிகை ஃபேனி பிரைஸ் சொன்னதாக ஒரு கிண்டல் உண்டு: நனைந்தால் நட்சத்திரம், உலர்ந்தால் இல்லை. கொஞ்சம் கொடூரமான பேச்சுதான். ஆனால் அந்த "நனைந்தால்" என்பதற்குள் எவ்வளவு உழைப்பு இருந்தது என்பதைச் சொன்னவர் யோசித்திருக்க மாட்டார்.

நீச்சலை எங்கே கற்றார்?

வீட்டருகே இருந்த பொது நீச்சல் குளத்தில். குடும்பத்தில் ஐந்தாவது, கடைக்குட்டி. வசதி இல்லை. குளத்துக்கு வருபவர்களின் துண்டுகளை எண்ணி அடுக்கும் வேலையை வாங்கிக்கொண்டார். அதில் கிடைத்ததைக் கொண்டு நீந்தும் நேரத்துக்குப் பணம் கட்டினார். அங்கே உயிர்காப்பாளர்களாக இருந்த ஆண்கள் மதிய ஓய்வில் அவருக்கு நீச்சல் சொல்லிக்கொடுத்தார்கள். பெண்களுக்கு ஆகாது என்று அன்று கருதப்பட்ட பட்டர்ஃபிளை நீச்சல் முறையும் அதில் சேர்த்தி. தோள் வலு அங்கிருந்து வந்ததுதான்.

ஒலிம்பிக்கில் நீந்தினாரா?

இல்லை. லாஸ் ஏஞ்சலிஸ் அத்லெடிக் கிளப் அணிக்காக நீந்தி, 1939இல் அமெரிக்கத் தேசியப் போட்டியில் பெண்கள் 100 மீட்டர் ஃப்ரீஸ்டைலில் முதலிடம் பிடித்தார். அடுத்த ஆண்டு ஒலிம்பிக். அது முதலில் டோக்கியோவில் நடப்பதாக இருந்தது, பிறகு ஹெல்சின்கிக்கு மாறியது, கடைசியில் போரினால் ரத்தே ஆகிவிட்டது. பதினெட்டு வயதில் ஓடுதளமே பறிபோனது மாதிரி. அவர் ஒரு பெரிய துணிக்கடையில் வேலைக்குச் சேர்ந்தார்.

துணிக்கடையிலிருந்து மேடைக்கு எப்படி வந்தார்?

பில்லி ரோஸ் என்ற நிகழ்ச்சித் தயாரிப்பாளர் அழைத்தார். அவருடைய 'அக்வகேட்' என்ற நீர்க்காட்சி 1940இல் சான் பிரான்சிஸ்கோவின் டிரெஷர் ஐலண்டில், உலகக் கண்காட்சியின் ஒரு பகுதியாக நடந்தது. அதற்கு ஒரு நாயகி வேண்டியிருந்தது. எதிரே நீந்த ஜானி வெய்ஸ்முல்லர். ஒலிம்பிக்கில் ஐந்து தங்கம் வென்றவர், டார்ஜானாகவும் நடித்துப் புகழ்பெற்றவர்.

தேர்வின்போது நடந்ததை எஸ்தர் பிற்காலத்தில் சொல்லியிருக்கிறார். வேகமாக நீந்த வேண்டாம், அழகாக நீந்து என்றாராம் ரோஸ். வேகமாக நீந்த வலு இல்லாதவருக்கு அழகாக நீந்தவும் வலு இருக்காது என்று இவர் பதில் சொன்னாராம். இந்தத் தொழிலைப் பற்றி இதைவிடச் சரியாக யாரும் சொன்னதாக எனக்குத் தெரியவில்லை.

அழகாக நீந்துவது அவ்வளவு கஷ்டமா? பார்த்தால் சும்மா மிதப்பது போலத்தானே இருக்கிறது?

அப்படித் தெரிய வைப்பதற்குத்தான் சம்பளம்.

போட்டியில் ஃப்ரீஸ்டைல் நீந்துபவர் முகத்தைத் தண்ணீருக்குள் வைத்திருப்பார். உடல் நேர்கோட்டில் கிடக்கும், தண்ணீர் குறைவாகத் தடுக்கும். காட்சிக்கு நீந்துபவர் முகத்தைக் காட்ட வேண்டும். தலையும் தோளும் வெளியே வந்தால் இடுப்பும் காலும் கீழே போகும். அவற்றை மேலே நிறுத்தக் கால்கள் இரட்டிப்பு வேலை செய்ய வேண்டும். இத்தனைக்கும் நடுவில் இசைக்குக் கை வீச வேண்டும், சிரிக்க வேண்டும். மூச்சு வாங்குவது தெரியக் கூடாது.

நின்ற இடத்திலேயே செய்யும் வித்தைகள் இன்னும் கடினம். மல்லாந்து மிதந்தபடி ஒரு காலைச் செங்குத்தாக உயர்த்தினால், அந்தக் காலைத் தண்ணீர் தாங்காது. அதன் எடை முழுவதும் உடலை அழுத்தும். மூழ்காமல் இருக்க, இடுப்புக்குப் பக்கத்தில் இரண்டு உள்ளங்கைகளும் இடமும் வலமுமாகத் தண்ணீரை இடைவிடாமல் வழித்துக்கொண்டே இருக்க வேண்டும். நேராக நிற்க வேண்டுமென்றால் கால்கள் இரண்டும் மாறி மாறி, தயிர் கடையும் மத்து போலச் சுழல வேண்டும். பார்வையாளருக்கு நீர்மட்டத்துக்கு மேலே உள்ள பாதிதான் தெரியும். கீழே பாதி தொழிற்சாலை போல ஓடிக்கொண்டிருக்கும். கிணற்றில் நீச்சல் பழகியவர்கள் அடுத்த முறை ஒரு காலைத் தூக்கிப் பார்த்துவிட்டு, அப்புறம் "சும்மா மிதப்பது" என்று சொல்லலாம்.

தலைகீழாகப் போகும்போது மூக்கில் தண்ணீர் ஏறும். இசைக்கேற்ப நீந்தும் இன்றைய போட்டி வீராங்கனைகள் மூக்கில் கிளிப் மாட்டிக்கொள்கிறார்கள். குளோஸ்-அப்பில் வரும் சினிமா நட்சத்திரத்தால் அதெல்லாம் முடியுமா? மூச்சை அளந்து மூக்கு வழியே விட வேண்டியதுதான்.

இந்தக் கலையை அவர்தான் தொடங்கினாரா?

இல்லை. அவருக்கு முன்னால் ஆஸ்திரேலியாவின் அனெட் கெல்லர்மன் இருந்தார். 1886இல் பிறந்தவர். சிறுவயதில் கால்கள் வலுவில்லாமல் இரும்புப் பட்டை மாட்டியிருந்தார், அதற்கு வைத்தியமாக நீச்சலுக்கு வந்தார். 1907இல் நியூயார்க்கின் ஹிப்போட்ரோம் அரங்கில் கண்ணாடித் தொட்டிக்குள் நீர் நடனம் ஆடியவர். உடலோடு ஒட்டிய ஒற்றைத் துண்டு நீச்சலுடையைப் பெண்களுக்குப் பழக்கியதில் பெரும்பங்கு அவருடையது. 1952இல் எஸ்தர் திரையில் கெல்லர்மனாகவே நடித்தார்.

இசைக்கேற்ப ஒருங்கே அசைந்து நீந்தும் இந்தக் கலைக்கு ஒத்திசைவு நீச்சல் என்ற பெயர் 1934இல் சிகாகோ உலகக் கண்காட்சியில் பிறந்தது. கேத்தரின் கர்ட்டிஸ் என்ற பயிற்சியாளரின் குழு அங்கே காட்சி நடத்தியபோது, அறிவிப்பாளராக இருந்த முன்னாள் நீச்சல் வீரர் நார்மன் ராஸ் அந்தச் சொல்லைப் பயன்படுத்தினார். ஆக விதை போட்டவர்கள் வேறு. ஊருக்கெல்லாம் கொண்டுபோய்ச் சேர்த்தவர் எஸ்தர்.

சினிமாவில் இவருக்காகவே குளம் கட்டினார்களா?

ஆமாம். 1941இல் எம்ஜிஎம் ஒப்பந்தம் போட்டது. 1944இல் வந்த 'பேதிங் பியூட்டி' படம் பெரிய வெற்றி பெற்றது. ஸ்டுடியோவின் 30ஆம் எண் தளத்தில் அவருக்காக ஒரு குளம் உருவானது. 90 அடிச் சதுரம், சுமார் 20 அடி ஆழம். ஆட்களைத் தண்ணீருக்குள்ளிருந்து மேலே தூக்கும் ஹைட்ராலிக் மேடைகள், நீரூற்றுகள், மறைவான காற்றுக் குழாய்கள் எல்லாம் அதில் உண்டு.

தண்ணீரில் மேக்கப் எப்படி நின்றது?

முகத்துக்கு மட்டுமல்ல, உடம்பு முழுக்கத் தடித்த கிரீம் மேக்கப். தண்ணீர் ஒட்டாமல் வழிந்துவிடும். தலைக்கு வாசலினும் பேபி ஆயிலும் கலந்து சூடாகத் தடவி, வாரி இறுக்கி, பொய்ச் சடையைப் பின்னிக் குத்திவிடுவார்கள். இன்றைய வீராங்கனைகள் ஜெலட்டினைக் கரைத்துத் தலையில் பூசுகிறார்கள். காய்ந்தால் கண்ணாடி மாதிரி பளபளக்கும். எண்ணெயைக் கழுவுவது பெரிதா, ஜெலட்டினைக் கழுவுவது பெரிதா என்று பட்டிமன்றமே வைக்கலாம்.

அடிபட்டிருக்கிறாரா?

நிறைய. கெல்லர்மனாக நடித்த படத்தில் அவருக்குப் பொன்னிறச் சரிகைத் தகடுகள் பதித்த உடையும், தலையில் அலுமினியக் கிரீடமும் கொடுத்தார்கள். உயரமான மேடையிலிருந்து பாய வேண்டும். காற்றில் இருக்கும்போதுதான் அவருக்கு உறைத்தது: தலை முதலில் தண்ணீரைத் தொடும், கிரீடம் வளையாது. தண்ணீரில் மோதிய வேகத்தில் கழுத்து பின்னால் மடங்கி, முதுகெலும்பின் மேல்பகுதியில் மூன்று எலும்புகள் உடைந்தன. ஆறு மாதம் உடம்பெல்லாம் மாவுக்கட்டு.

இன்னொரு படத்தில் கம்பளித் துணியில் நீச்சலுடை தைத்தார்கள். மரம் வெட்டுபவர் சட்டை போலக் கட்டம் போட்டது, பார்க்க அழகு. தண்ணீரை உறிஞ்சியதும் கல் போலக் கனத்து அவரை அடியில் இழுத்தது. ஜிப்பைக் கழற்றி உடையை விட்டுவிட்டு மேலே வந்ததால் பிழைத்தார். நீச்சலுடை வடிவமைத்தவர் அதை ஒரு பக்கெட் தண்ணீரில் முக்கியாவது பார்த்திருக்கலாம்.

இவை இரண்டையும்விட எனக்குப் பயமாகத் தோன்றுவது மூன்றாவது. 1951இல் ஒரு கனவுக் காட்சிக்காக நீருக்கடியில் ஓர் அறை அமைத்தார்கள். மேற்கூரை கறுப்பு. வெளியே வருவதற்கான கதவும் அதே கறுப்பு. படம் எடுத்து முடிந்ததும் மேலே போனவருக்குக் கதவு எங்கே என்று தெரியவில்லை. தடவித் தடவித் தேடுகிறார். வெளியே இருப்பவர்களுக்கு அவர் இன்னும் நடிப்பதாகத்தான் தோன்றியது. நல்லவேளை, ஒருவர் புரிந்துகொண்டு திறந்துவிட்டார். எதையும் சிரமமில்லாதது போலக் காட்டப் பழகிய ஒருவர் உண்மையிலேயே திணறும்போது யாருக்கும் தெரியாமல் போவது இந்தத் தொழிலுக்கே உரிய ஆபத்து.

செவிப்பறையும் பலமுறை கிழிந்திருக்கிறது. நீரின் ஆழம் கூடக் கூடக் காதின் மேல் அழுத்தம் ஏறும். நாள் முழுவதும் மேலும் கீழும் போய்வந்தால் காது என்ன செய்யும்?

எல்லாச் சாகசங்களையும் அவரே செய்தாரா?

நீச்சல் பெரும்பாலும் அவருடையதே. ஆனால் எல்லாமும் இல்லை. 1953இல் வந்த 'ஈஸி டு லவ்' படத்தின் முடிவில் ஹெலிகாப்டரிலிருந்து தொங்கி ஏரியில் பாயும் காட்சி வரும். அப்போது எஸ்தர் கர்ப்பிணி. பாய்ந்தவர் ஹெலன் கிர்லென்கோவிச் என்ற டைவிங் வீராங்கனை. 1955இல் வேறொரு படத்தில் குதிரையோடு மலைமுகட்டிலிருந்து குதிக்கச் சொன்னபோது எஸ்தர் மறுத்தார். அவருக்குப் பதில் குதித்தவருக்கு முதுகெலும்பு முறிந்தது. மறுக்கத் தெரிவதும் இந்தத் தொழிலில் ஒரு திறமை. மறுத்தால் அந்த இடத்தில் யார் நிற்பார் என்பது வேறு கேள்வி.

சினிமாவில் கொடிகட்டிப் பறந்தவர் ஏன் தொலைக்காட்சிக்கு வந்தார்?

சினிமாவில் கொடி இறங்கிவிட்டது. 1948இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம், படம் எடுக்கும் நிறுவனங்களே தியேட்டர்களையும் வைத்திருக்கும் முறைக்கு முடிவு கட்டியது. எடுத்த படத்தைப் போட நிச்சயமான அரங்குகள் இல்லாமல் போயின. அதே சமயம் வீட்டுக்கு வீடு தொலைக்காட்சிப் பெட்டி வந்தது. குளம், நீரூற்று, நூறு நடனப் பெண்கள் என்று செலவாகும் படங்களைத்தான் முதலில் வெட்டுவார்கள். 1955இல் அவர் எம்ஜிஎம்மை விட்டு வெளியேறினார்.

பிறகு 1956இல் என்பிசி தொலைக்காட்சியில் அவர் பெயரிலேயே ஒரு நீர்க்காட்சி வந்தது. அதே காலத்தில் லண்டன் வெம்பிளியிலும் அவருடைய காட்சி நடந்தது. 1948 ஒலிம்பிக்கின் நீச்சல் போட்டிகள் நடந்த அதே அரங்கம். ஒலிம்பிக் குளத்துக்கு அவர் எட்டு ஆண்டு தாமதமாக, வேறு வாசல் வழியாக வந்தார் என்று வைத்துக்கொள்ளலாம்.

1960 நிகழ்ச்சியை ஏன் எல்லோரும் குறிப்பிடுகிறார்கள்?

1960 ஆகஸ்ட் 8. அன்று அவருக்கு 39 வயது நிறைந்தது. என்பிசியில் 'எஸ்தர் வில்லியம்ஸ் அட் சைப்ரஸ் கார்டன்ஸ்' ஒளிபரப்பானது. நடிகர்கள் ஃபெர்னாண்டோ லாமாஸ், ஜோயி பிஷப், ஹியூ ஓப்ரியன் ஆகியோர் உடன் வந்தார்கள். ஏராளமானோர் பார்த்தார்கள்.

இடத்தேர்வு கெட்டிக்காரத்தனமானது. ஃபுளோரிடாவின் வின்டர் ஹேவன் அருகே டிக் போப் என்பவர் 1936இல் திறந்த தோட்டம் சைப்ரஸ் கார்டன்ஸ். இரண்டாம் உலகப் போரின்போது அங்கே வந்த படைவீரர்களுக்காகத் தொடங்கிய, படகு இழுக்க நீர்மேல் சறுக்கும் நீர்ச்சறுக்குக் காட்சிகள் பிறகு அந்த ஊரின் அடையாளமாகவே ஆகிவிட்டன. 'ஈஸி டு லவ்' படத்துக்காக அங்கே ஃபுளோரிடா மாநில வடிவில் ஒரு குளமும் கட்டியிருந்தார்கள். ஏரி தயார், குளம் தயார், பழகிய சறுக்குக் கலைஞர்கள் தயார். புதிதாக ஸ்டுடியோ குளம் எதற்கு?

அப்படியானால் ஏன் வாராவாரம் தொடராக வரவில்லை?

என் கருத்தைச் சொல்கிறேன். நீர்க்காட்சியின் கவர்ச்சியே அளவுதான். மேலிருந்து பார்த்தால் ஐம்பது பேர் சேர்ந்து ஒரு தாமரையாக விரிவார்கள். சினிமாத் திரையில் அது மூச்சடைக்க வைக்கும். அந்தக் காலத்து வீட்டுப் பெட்டியில் சட்டைப் பித்தான் அளவுக்குத் தெரியும். சினிமாவில் பத்து விநாடிக் காட்சிக்கு ஒரு நாள் முழுக்கச் செலவிடலாம். தொலைக்காட்சிக்கு அந்தப் பொறுமையும் கிடையாது, பணமும் கிடையாது. ஆகவே ஆண்டுக்கு ஒன்று என்ற திருவிழா நிகழ்ச்சிக்கு ஒத்துவந்தது, வாரச்சந்தைக்கு ஒத்துவரவில்லை.

சொந்தக் காரணமும் உண்டு. 1969இல் அவர் லாமாஸை மணந்தார். மனைவி மேடையை விட்டுவிட்டு வீட்டோடு இருக்க வேண்டும் என்று லாமாஸ் எதிர்பார்த்ததாக எஸ்தரே எழுதியிருக்கிறார். 1982இல் லாமாஸ் இறக்கும்வரை பொதுவெளியில் அவரை அதிகம் காணவில்லை. நாட்டுக்கே நீந்திக் காட்டியவர் வீட்டுக்குள் அடங்கிப்போனதைப் படிக்கும்போது எனக்கு எரிச்சல்தான் வருகிறது.

நன்றாகச் சம்பாதித்தாரா?

சம்பாதித்தார், இழந்தார், மறுபடி சம்பாதித்தார். இரண்டாவது கணவர் பென் கேஜின் சூதாட்டமும் தோற்றுப்போன தொழில்களும் பணத்தைக் கரைத்ததாகவும், பெரிய வரிபாக்கி தலையில் விழுந்ததாகவும் தன் வரலாற்றில் எழுதினார். காப்பாற்றியது அவர் பெயர். தரைமேல் வைக்கும் வீட்டு நீச்சல் குளங்களும் நீச்சலுடைகளும் அந்தப் பெயரில் விற்றன. உடம்பு நீந்தும் காலம் குறைவு, பெயர் அதைவிட நீண்ட நாள் மிதக்கும் என்பதை அவர் சீக்கிரமே புரிந்துகொண்டார்.

இன்றும் இப்படி ஒரு தொழில் இருக்கிறதா?

இருக்கிறது. தொலைக்காட்சியில் அல்ல, நேரடிக் காட்சிகளில். ஃபுளோரிடாவின் வீக்கி வாச்சி நீரூற்றில் 1947இல் நியூட்டன் பெர்ரி என்பவர் நீருக்கடியில் ஓர் அரங்கம் திறந்தார். பார்வையாளர்கள் கண்ணாடிக்குப் பின்னால் உட்கார்ந்து பார்க்கலாம். கடற்கன்னி வேடமிட்ட பெண்கள் ரப்பர் குழாயிலிருந்து அவ்வப்போது ஒரு வாய் காற்றை இழுத்துக்கொண்டு கீழேயே இருந்து நடிப்பார்கள். தண்ணீர் வருடம் முழுவதும் சுமார் 23 டிகிரி செல்சியஸ். கேட்க இதமாக இருக்கும். அரை மணி நேரம் உள்ளே இருந்தால் பல் கிடுகிடுக்கும். 1959இல் ஏபிசி தொலைக்காட்சி நிறுவனம் இந்த இடத்தையே வாங்கியது. 2008 முதல் அது மாநிலப் பூங்கா, காட்சி இன்னும் நடக்கிறது.

லாஸ் வேகஸில் 1998 முதல் நடக்கும் சர்க் டு சோலே என்ற சர்க்கஸ் குழுவின் 'ஓ' காட்சி இன்னும் பெரிது. சுமார் 15 லட்சம் கேலன் கொள்ளளவு கொண்ட தொட்டி. தண்ணீருக்கு அடியில் காத்திருக்கும் பாதுகாப்பு முக்குளிப்பாளர்கள் கலைஞர்களுக்குக் காற்றுக் குழாயை நீட்டுவார்கள். கறுப்புக் கூரைக்கு அடியில் கதவைத் தேடிய எஸ்தருக்கு அப்படி ஒரு கை கிடைக்கவில்லை. போட்டி நீச்சலை முடித்த பலருக்கு இதுதான் அடுத்த வேலை.

ஆண்களுக்கு இடம் உண்டா?

காட்சிகளில் எப்போதும் உண்டு. ஒத்திசைவு நீச்சல் போட்டியில்தான் கதவு மெல்லத் திறந்தது. 'ஓ' காட்சியில் பல ஆண்டுகள் நீந்திய பில் மே, 2015இல் ரஷ்யாவின் கசான் நகரில் நடந்த உலகப் போட்டியில் கலப்பு இரட்டையரில் தங்கம் வென்றார். 2024 பாரிஸ் ஒலிம்பிக்கில் குழுப் போட்டிக்கு ஆண்களை அனுமதித்தார்கள். ஆனால் எந்த நாடும் ஓர் ஆணைக்கூடச் சேர்க்கவில்லை.

எஸ்தர் ஒலிம்பிக்குக்குப் போகவே இல்லையா?

போனார். ஒத்திசைவு நீச்சல் முதன்முதலாகப் பதக்கப் போட்டியானது 1984இல். ஊர், அவர் நீந்தி வளர்ந்த லாஸ் ஏஞ்சலிஸ். அமெரிக்காவின் ட்ரேசி ரூயிஸ் தனிநபர் பிரிவிலும், கேண்டி கோஸ்டியோடு சேர்ந்து இரட்டையர் பிரிவிலும் தங்கம் வென்றார். அந்தப் போட்டிகளுக்கு ஏபிசி தொலைக்காட்சியில் வர்ணனை சொன்னவர்களில் எஸ்தரும் ஒருவர். அப்போது அவருக்கு வயது 63. ரத்தான ஒலிம்பிக்குக்கு 44 ஆண்டுகள் கழித்து, குளத்தங்கரையில், உலர்ந்த உடையில், கையில் மைக்கோடு.